தொலைந்துபோன பூசைப் படம்

பாரிஸிலிருந்து வருகிறவர்களை எங்கள் ப்ரெஸோலாக்கில் பார்த்த மாத்திரத்திலேயே கண்டுபிடித்துவிடலாம். சேறு படாத சப்பாத்து, கையில் வெள்ளைக் கையுறை. பழைய ஊமைப் படச் சுருள்களைத் தேடி அலைகிற கூட்டம் அது. கோழிக்கூண்டு, வைக்கோல் பரண், சாமியார் வீட்டு நிலவறை என்று ஒன்றையும் விட்டுவைப்பதில்லை. "ப்ரெஸோலாக்கில் பூசை முடிந்து வரும் மக்கள். 1907-ல் எடுத்த ஒரு நிமிடப் படம். தொலைந்துவிட்டது" என்று பெற்ற பிள்ளையைத் தொலைத்தவர்கள் மாதிரி சொல்வார்கள். ஊரே சாட்சிக்கு ஓடிவரும். ஆமாம் ஐயா, அதில் எங்கள் பெரியப்பா தொப்பியைத் தூக்கிக் காட்டினார், எங்கள் அத்தை தும்மினாள் என்று ஆளுக்கொரு கதை. அது எப்படித் தொலைந்தது என்று கேட்டால் மட்டும் எல்லோருக்கும் அவசர வேலை வந்துவிடும். போகட்டும், நான் சொல்கிறேன். எவாரிஸ்தும் லெயோனியும் இப்போது இல்லை, கோபித்துக்கொள்ள ஆளில்லை.

எவாரிஸ்த் லகாஸ் மேயர் அலுவலகத்தில் செயலாளர். ஒல்லி உடம்பு, மெழுகு தடவி முறுக்கிய மீசை, பயந்த சுபாவம். மீசைக்கும் சுபாவத்துக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது. மேயர் கஸாரிலோ, சாமியார் எதிரே வந்தால் தெருவையே மாற்றிக்கொள்கிற ஆள். அரசு வேறு, மாதா கோயில் வேறு என்று பிரான்சில் சட்டம் வந்த புதிது. அந்தச் சட்டத்தைத் தானே பெற்று வளர்த்ததுபோல் அவர் ஆடிக்கொண்டிருந்தார். புனித மார்த்தின் தெருவுக்குப் 'பகுத்தறிவுத் தெரு' என்று பலகை மாட்டினார். பெரிய வெள்ளிக்கிழமையன்று ஊரே உப்புக் கருவாட்டுச் சூப்பைக் குடித்துவிட்டு முகம் வாடிக் கிடக்கையில், கோயிலுக்கு நேர் எதிரே இருக்கும் காப்பிக் கடையில் சகாக்களைக் கூட்டிப் பன்றிக்கறி விருந்து வைப்பார். அதில் கறி அறுத்துப் பரிமாறுவது எவாரிஸ்தின் பொறுப்பு.

"என் ஆபீஸ்ல இருக்கிறவன் எவனாவது கோயில் படியை மிதிச்சான்னு தெரிஞ்சுது, மறுநாள் என் ஆபீஸ் படியை மிதிக்க வேண்டாம்" என்பது மேயரின் வாக்கு. இன்னொரு வாக்கும் உண்டு. மாவட்ட அலுவலகத்தில் தலைமை எழுத்தர் இடம் காலியாகிறது, அதற்கு எவாரிஸ்தின் பெயரைத்தான் சொல்லப்போவதாக அவன் தோளைத் தட்டியிருந்தார்.

இத்தனைக்கும் நடுவே இந்தப் புண்ணியவான் போய்க் காதலித்தது யாரை? நோட்டரி தெல்மாஸின் மகள் லெயோனியை. ஞாயிறு பூசைக்கு ஒரு வாரம் தவறினாலும் காய்ச்சல் வந்துவிடும் குடும்பம் அது. "பூசைக்கு வராதவனுக்குப் பொண்ணா? வாயில நல்லா வருது எனக்கு" என்று நோட்டரி கறாராகச் சொல்லிவிட்டார்.

அதனால் எவாரிஸ்த் ஞாயிற்றுக்கிழமைகளில் மீன் பிடிக்க ஆரம்பித்தான். அதாவது, மேயருக்கு அப்படிச் சொல்லி வைத்தான். விடிந்ததும் தூண்டிலும் கூடையுமாக ஊரறியக் கிளம்புவான். கோயிலின் பின்பக்கம் சுற்றி வந்து, தூண்டிலை மணியடிப்பவரின் அறையில் சாத்திவிட்டு, உள்ளே தூணுக்குப் பின்னால் காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டு உட்காருவான். திரும்பும்போது மாவு மில்காரரிடம் இரண்டு மீன் வாங்கிக் கூடையில் போட்டுக்கொள்வான். அதில் ஒன்று மேயர் வீட்டுக்குப் போகும். "அடடா, தூண்டில் மீனுக்குத்தான்யா ருசி!" என்று மேயர் முள்ளைக்கூட விடாமல் சப்புவார்.

லெயோனிக்கு இந்தத் தூண் விவகாரம் சலித்துப்போனது. அவள் வாயாடி. சிரித்தால் கன்னத்தில் குழி விழும், கோபித்தால் ஊர் நடுங்கும். "இந்த ஞாயித்துக்கிழமை என் கையைப் பிடிச்சுக்கிட்டு முன்வாசல் வழியா படியிறங்கணும். இல்லேன்னா தூணையே கட்டிக்குங்க" என்றாள். எங்கள் ஊரில் பெரிய பூசை முடிந்து ஒருவன் ஒருத்திக்குக் கை கொடுத்துப் படியிறங்கினால் நிச்சயதார்த்தம் ஆன மாதிரி. எவாரிஸ்த் கணக்குப் போட்டுப் பார்த்தான். அந்த நேரத்தில் மேயர் காப்பிக் கடையின் பின்னறையில் சீட்டாடிக்கொண்டிருப்பார். யாராவது போய்ச் சொன்னாலும், பொறாமையில் உளறுகிறார்கள் என்று சாதித்துவிடலாம். சரி என்று தலையாட்டினான்.

அது புனித யோவான் சந்தை வாரம். பூசை முடிந்தது. நோட்டரி மார்பை நிமிர்த்திக்கொண்டு முன்னால் நடந்தார். பின்னால் லெயோனி, அவள் கை எவாரிஸ்தின் கைக்குள். வாசல் வெளிச்சத்தில் கால் வைத்து முதல் படியில் இறங்கியவன் அப்படியே நின்றுவிட்டான். எதிரே முக்காலியில் ஒரு மரப்பெட்டி. பக்கத்தில் சந்தையில் சினிமாக் கூடாரம் போட்டிருக்கும் திமொலெயோன், சிவப்புக் கோட்டும் உயரத் தொப்பியுமாகப் பெட்டியின் கைப்பிடியைக் கரகரவென்று சுற்றிக்கொண்டிருந்தான்.

"மெதுவா வாங்க, மெதுவா வாங்க! அம்மா, குடையைக் கொஞ்சம் சாய்ங்க, அழகான முகத்தை எதுக்கு மறைக்கணும்! நாளைக்குச் சாயந்திரம் கூடாரத்துக்கு வந்தா உங்களை நீங்களே பாக்கலாம்! உங்க தொப்பி, உங்க நடை, உங்க மூக்கு, எல்லாம் திரையில!"

படம் பிடிக்கிறார்கள் என்று எவாரிஸ்துக்கு அப்போதுதான் உறைத்தது. மனிதன் சொன்னால் மறுக்கலாம், பெட்டி சொன்னால்? சடாரென்று கையை உருவினான், குனிந்தான், வந்த வழியே உள்ளே பாய்ந்தான். மெழுகுவர்த்தித் தட்டு ஒன்று கவிழ்ந்தது. மணியடிப்பவரின் அறை வழியாக வெளியேறி, சாமியாரின் கோழிகளைக் கலைத்துக்கொண்டு, ஆற்றங்கரை வரை நிற்காமல் ஓடினான். தூண்டிலை மட்டும் மறக்கவில்லை.

ஊர் முழுக்கப் பெட்டியைப் பார்த்துத் தொப்பியைச் சரிசெய்துகொண்டிருந்ததால் அவன் ஓடியதை யாரும் பார்க்கவில்லை. லெயோனியைத் தவிர.

மத்தியானம் மேயர் வீட்டுக்கு மீன் கொண்டுபோனால், அங்கே இன்னொரு இடி. மேயர் குதூகலத்தில் இருந்தார்.

"கேள்விப்பட்டியாய்யா? பூசைக்குப் போன அத்தனை பேரையும் படம் பிடிச்சிருக்கானாம்! விஞ்ஞானம்னா இதுதான். என் ஆளுங்கள்ல எவன் எவன் திருட்டுத்தனமா போறான்னு நாளைக்கு உக்காந்த இடத்துல தெரிஞ்சிடும். நீயும் என் பக்கத்துல உக்காரு. நான் பேரைச் சொல்லச் சொல்ல எழுதிக்க."

"நானா ஐயா?"

"உன்னைவிட்டா நம்பிக்கையான ஆள் யாருய்யா எனக்கு?"

அங்கிருந்து நேராக நோட்டரியின் தோட்டத்துக்குப் போனான். லெயோனி பட்டாணி உரித்துக்கொண்டிருந்தாள். நிமிர்ந்தும் பார்க்கவில்லை.

"அட, முன்கதவு வழியாவே வந்துட்டீங்களே, உடம்புக்கு ஏதும் பண்ணுதா?"

"லெயோனி, அந்தப் பெட்டி... மேயர் பாத்தா என் வேலை போயிடும்."

"நான் இப்படிக் கையை மடக்கிக்கிட்டு நின்னேன், தெரியுமா?" அவள் முழங்கையை வளைத்துக் காட்டினாள். "கூஜாக் காது மாதிரி. எவ்வளவு நேரம் நின்னேன்னு எனக்கே தெரியல. எங்கப்பா திரும்பிப் பாக்கல. நீங்க என்கூட இறங்கினதா நினைச்சுக்கிட்டு, சாப்பிடறப்ப எல்லாம் ஒரே சிரிப்பு அவருக்கு. வாத்துக்கறியை ரெண்டு தடவை போட்டுக்கிட்டார்."

"மன்னிச்சிடு."

"மன்னிக்கிறது பெரிசில்ல. நாலு பேர் பாத்தா கையை உதறிட்டு ஓடற ஆளோட நான் எப்படிக் காலந்தள்றது? நாளைக்குச் சினிமா முடியட்டும். அப்பாகிட்ட சரின்னு சொல்றதா, வேண்டாம்னு சொல்றதான்னு அப்ப சொல்றேன்." ஒரு பட்டாணியை வாயில் போட்டுக் கடித்தாள். அவன் தலையையே கடித்த மாதிரி இருந்தது அவனுக்கு.

வேலையும் போகும், பெண்ணும் போவாள். எவாரிஸ்த் சந்தைத் திடலுக்கு ஓடினான். கூடாரத்தின் பின்னால் திமொலெயோனின் வண்டிவீடு நின்றது. வாசலில் அவன் மனைவி பால்மீர் கோழிக்கு இறகு பிடுங்கிக்கொண்டிருந்தாள். திமொலெயோன் படிக்கட்டில் சாய்ந்து பைப் புகைத்துக்கொண்டிருந்தான்.

"ஐயா, படத்துல நான் வர்ற துண்டை மட்டும் வெட்டி எடுத்துடுங்க. உங்க காலைப் பிடிச்சுக் கேக்கறேன்."

"நீங்களுமா!" திமொலெயோன் புகையை விட்டான். "மருந்துக்கடை அம்மா வந்து, அவங்க வர்ற இடத்தை நீட்டி விடச் சொல்லிட்டுப் போறாங்க. ரொட்டிக்கடைக்காரர் வந்து வழுக்கை தெரியுதான்னு கேக்கறார். எல்லாருக்கும் ஆகட்டும்னு சொல்லியாச்சு. உங்களுக்கும் ஆகட்டும். நீங்க வரமாட்டீங்க, போய் நிம்மதியா தூங்குங்க."

"என் எதிர்லயே வெட்டுங்க. கண்ணால பாத்தாத்தான் எனக்கு உயிர் வரும்."

"அது வந்து... படம் இன்னும் மருந்துத் தண்ணியில ஊறுது."

"நான் காத்திருக்கேன்."

"வெளிச்சம் பட்டாக் கெட்டுடும்."

"இருட்டுலயே உக்காந்திருக்கேன். எனக்குப் பழக்கம்தான்."

பால்மீர் கோழியைத் தொப்பென்று தட்டில் போட்டாள். "யோவ், போதும்யா! பாவம், மூஞ்சி வெளுத்துப்போய் நிக்குது, அதைப் போட்டு வதைக்கிற. தம்பி, பெட்டிக்குள்ள ஒண்ணுமே இல்ல. காலி!"

எவாரிஸ்துக்கு முதலில் புரியவில்லை.

"சுருளே போடல தம்பி. சும்மா கைப்பிடியைச் சுத்தினார். ஊர் ஊருக்குப் புதுச் சுருள் போட்டுப் படம் பிடிச்சா நாங்க கோழி தின்ன முடியுமா? இறகுதான் திங்கணும்."

"அப்ப நாளைக்கு என்னத்தைக் காட்டுவீங்க?"

திமொலெயோன் பெருமூச்சு விட்டுக் கையை விரித்தான். "ஒரே ஒரு தடவை நிஜமா எடுத்தேன். வடக்கே ஒரு ஊர்ல. அந்தப் படத்தைத்தான் போற ஊர்லயெல்லாம் காட்டுறேன். ஒருத்தன்கூட இது எங்க ஊர் இல்லேன்னு சொன்னதில்ல. கறுப்புக் கோட்டு, கறுப்புத் தொப்பி, கோயில் படி, எல்லாம் எங்க போனாலும் ஒண்ணுதானே? அதோட மனுஷன் திரையில தன்னைத்தான் தேடுவான், வேற எதையும் பாக்கமாட்டான். திரைக்குப் பக்கத்துல நின்னு நான் நாலு வார்த்தை எடுத்துவிடுவேன். மிச்சத்தை அவங்களே பாத்துக்குவாங்க. வெளியில சொல்லிடாதீங்க ஐயா. தெரிஞ்சா கூடாரத்தைக் கொளுத்திட்டு என்னைத் தூக்கி ஆத்துல போட்டுடுவாங்க."

எவாரிஸ்த் சிரித்த சிரிப்பில் கோழி இறகெல்லாம் பறந்தது. சத்தியம் செய்தான். பால்மீர் கொடுத்த பிளம் சாராயத்தை ஒரே மூச்சில் குடித்தான். வீட்டுக்குத் திரும்பும் வழியெல்லாம் சீழ்க்கை அடித்துக்கொண்டே போனான். வேலை தப்பியது. லெயோனியை எப்படியாவது சமாதானப்படுத்திவிடலாம் என்று தோன்றியது. பாவி மனம், சாராயம் உள்ளே போனால் எல்லாம் சுலபம்தான்.

மறுநாள் மாலை கூடாரம் பிதுங்கியது. முன்வரிசையில் மேயர், பக்கத்தில் பென்சிலும் தாளுமாக எவாரிஸ்த். இந்த ஓரத்தில் மேயரின் சகாக்கள், அந்த ஓரத்தில் பங்குச் சாமியார். மூன்றாவது வரிசையில் நோட்டரியும் லெயோனியும். முதலில், உருண்டோடும் சூப்பு அண்டாவைப் போலீஸ்காரர்கள் துரத்தும் படம் ஓடியது. எவாரிஸ்த் வயிறு வலிக்கச் சிரித்தான்.

பிறகு திமொலெயோன் திரைக்குப் பக்கத்தில் வந்து நின்று தொப்பியைக் கழற்றினான். "சீமான்களே, சீமாட்டிகளே! இப்போது ப்ரெஸோலாக்!"

பின்னால் பால்மீர் கைப்பிடியைச் சுற்றினாள். திரையில் ஒரு கோயில் வாசல். கறுப்புக் கோட்டுகளும் தொப்பிகளும் விடுவிடுவென்று படியிறங்கின.  கூடாரம் வெடித்தது.

"அய்யோ, நான்தான்! நான்தான்! பாத்தியா என் தொப்பியை!"

"என்னை ஏன்யா இவ்வளவு குண்டா எடுத்திருக்கான்?"

கசாப்புக் கடைக்காரரின் விதவை எழுந்து நின்றுவிட்டாள். "அது எங்க வீட்டுக்காரர்! பனிக்காலத்துல புதைச்சேன், இப்பப் பூசைக்குப் போய்ட்டு வர்றாரே! உசிரோட இருந்தப்ப ஒருநாள் போனதில்ல, பாவி மனுஷன்!" சிரித்துக்கொண்டே அழுதாள். அது அவர் இல்லை என்று சொல்ல யாருக்கும் மனம் வரவில்லை.

திரையின் ஓரத்தில் ஒரு டிராம் வண்டி போனது. எங்கள் ஊரில் டிராம் என்ன, ஒழுங்கான சாலையே கிடையாது. ஒரு கண்ணாவது அதைப் பார்க்க வேண்டுமே!

"மறுபடி! மறுபடி!" என்று தரையை உதைத்தார்கள். பால்மீர் சுருளை மாட்டி மறுபடியும் ஓட்டினாள். இந்த முறை திமொலெயோனுக்கு உற்சாகம் பிய்த்துக்கொண்டது. எல்லா ஊரிலும் சொல்கிற வசனத்தை எடுத்துவிட்டான்: "இதோ பாருங்கள், மீசைக்கார வாலிபன்! பக்கத்தில் அழகான பெண்! ஆஹா, கை கொடுத்து அழைத்து வருகிறான்! யாரோ, யாரோ?"

உண்மையாகவே ஒரு ஒல்லி ஆள், முறுக்கு மீசை, ஒரு பெண்ணின் கையைத் தன் கைக்குள் வைத்துக்கொண்டு நிதானமாகப் படியிறங்கினான்.

"எவாரிஸ்த்!" என்று கூடாரமே கத்தியது. "எவாரிஸ்தும் நோட்டரி பொண்ணும்!"

"என் மாப்பிள்ளை!" என்று நோட்டரி பக்கத்து ஆளின் முதுகில் ஓங்கி அறைந்தார்.

எவாரிஸ்தின் கையிலிருந்த பென்சில் கீழே விழுந்தது. மேயர் மெல்லத் திரும்பினார்.

"என்னய்யா இது? அது நீயா?"

இல்லை என்று சொல்லலாம். சொன்னால் அது சுத்தமான உண்மை. டிராமைச் சுட்டிக்காட்டினால் போதும், அவன் பிழைத்தான். திமொலெயோன் உதைபடுவான், அது வேறு கதை. எவாரிஸ்த் தன்னை அறியாமல் பின்னால் திரும்பிப் பார்த்தான். எல்லோரும் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். லெயோனி மட்டும் அவனைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அந்தப் படியில் அவன் அவளோடு இறங்கவில்லை என்பது இந்தக் கூடாரத்தில் அவள் ஒருத்திக்குத்தான் தெரியும். ஒரு புருவத்தை மட்டும் தூக்கியபடி அவள் காத்திருந்தாள்.

இப்போது உண்மையைச் சொன்னால் அது இரண்டாவது தடவை ஓடுவதுதான் என்று அவனுக்குப் புரிந்தது.

"நான்தான்" என்றான். குரல் கீச்சென்று வந்தது. எழுந்து நின்றான். "நான்தான் ஐயா அது. பக்கத்துல லெயோனி. அவ சம்மதிச்சா அவளைத்தான் கட்டிக்கப்போறேன். ஞாயித்துக்கிழமை நான் மீன் பிடிக்கப் போகல. இதுவரைக்கும் ஒரு மீன்கூடப் பிடிச்சதில்ல."

"அப்ப நீ குடுத்த மீனெல்லாம்?"

"மில்காரர்கிட்ட வாங்கினது."

மேயரின் உதடு துடித்தது. பூசையைவிட மீன்தான் அவரை அதிகம் உலுக்கியது போலிருந்தது. "தூண்டில் மீன்னு நினைச்சு... எத்தனை பேர்கிட்ட அந்த ருசியைச் சொன்னேன்! நாளையிலிருந்து நீ..."

"மறுபடி!" என்று அதற்குள் கூட்டம் கத்த, பால்மீர் மூன்றாம் முறை ஓட்டினாள். ரொட்டிக்கடைக்காரர் பெஞ்சின் மேல் ஏறிவிட்டார். "அட, எவாரிஸ்துக்குப் பின்னால பாருங்கப்பா! அந்தத் தாடி! அந்தக் கைத்தடி! நம்ம மேயர்!"

கூடாரக் கம்பங்கள் ஆடின. மேயர் துள்ளி எழுந்தார். "நானா? நான் இல்ல! கோயிலுக்குள்ள நான் கால் வெச்சு இருபது வருஷமாச்சு!"

"வெக்கப்படாதீங்க மேயரே" என்றார் பங்குச் சாமியார், கண்ணைத் துடைத்துக்கொண்டு. "ஆண்டவர்கூடச் சந்தோஷப்படுவார்."

மேயர் எவாரிஸ்தின் கோட்டைப் பிடித்து உலுக்கினார். "நீ அங்கதானேய்யா இருந்தே? சொல்லு இவங்ககிட்ட! நான் அங்க இருந்தேனா?"

"எனக்கு எப்படி ஐயா தெரியும்?" என்றான் எவாரிஸ்த். "நான் லெயோனியைத்தானே பாத்துக்கிட்டிருந்தேன்."

அப்புறம் எழுந்த சிரிப்பு ஆற்றுக்கு அக்கரையில் கேட்டதாம்.

மறுநாள் மேயர் ஆளனுப்பிச் சுருளைப் பறித்துவந்து, சதுக்கத்தில் வைத்துத் தன் கையாலேயே தீக்குச்சி கிழித்தார். அந்தக் காலத்துச் சுருள் எப்படித் தீப்பிடிக்கும் என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை. 'புஸ்' என்று எழுந்த தீயில் பாதித் தாடி போனது. திமொலெயோன் மூக்கைச் சிந்திக்கொண்டே கூடாரத்தைப் பிரித்தான். அவன் வாழ்நாளில் உண்மையாக எடுத்த ஒரே படம் அதுதான். வடக்கே எங்கேயோ ஒரு ஊர் தன்னுடைய படத்தைத் தொலைத்துவிட்டுத் தேடிக்கொண்டிருக்கும். அதை எரித்த பாவம் எங்களைச் சேரும். எவாரிஸ்துக்கு மாவட்ட வேலை கிடைக்கவில்லை. இருந்த வேலையும் போகவில்லை. பூசைக்குப் போனான் என்று அவனை நீக்கினால் படம் நிஜம் என்று ஆகும், படம் நிஜமானால் மேயரும் அதில் இருக்கிறார். அடுத்த தேர்தலில் பக்திமான்களும் மேயருக்கே ஓட்டுப் போட்டார்கள். அந்த அவமானத்தை அவர் சாகும்வரை மறக்கவில்லை.

இதெல்லாம் பிற்பாடு. அன்று மாலை கூட்டம் கலைந்தபோது, எவாரிஸ்த் கூடார வாசலில் காத்திருந்தான்.  லெயோனி அவனுக்கு எதிரே வந்து நின்றாள்.

"படத்துல இருந்தவ போட்டிருந்த தொப்பியைப் பாத்தீங்களா? செத்தாலும் நான் அதை என் தலையில வைக்கமாட்டேன்."

"தெரியும்" என்றான் அவன். "அது நீ இல்ல. நானும் இல்ல."

"நீங்க ஓடினதைப் பாத்தவ நான். எனக்குச் சொல்றீங்களா? இல்லேன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா உங்க வேலைக்கு ஒரு குறையும் வந்திருக்காது."

"ஆமா."

"அப்புறம் ஏன் எழுந்து நின்னீங்க?"

  எவாரிஸ்த் மீசையை முறுக்கப் பார்த்தான், பாதியிலேயே விட்டுவிட்டான்.

லெயோனி அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். கண் நிறைந்திருந்தது, கன்னத்தில் குழியும் விழுந்திருந்தது. பிறகு, முந்தின நாள் படியில் நின்ற மாதிரியே, முழங்கையை வளைத்துக் காட்டினாள்.

"நேத்துலேர்ந்து இந்தக் கை இப்படியே நிக்குது. வலிக்குது எனக்கு. பிடிங்க சீக்கிரம்."

பிடித்தான். காப்பிக் கடை வாசலில் மேயரும் சகாக்களும் பார்த்துக்கொண்டிருக்க, இருவரும் திடலுக்குக் குறுக்கே மெதுவாக நடந்துபோனார்கள். அதை யாரும் படம் பிடிக்கவில்லை.